ஜப்பான் பேய்க்கு மம்சாபுரத்துத் தமிழ்

என் மனைவி பாண்டிசெல்வி இதுவரை முப்பத்தொரு ஜப்பான் படங்களுக்குத் தமிழில் வசனம் எழுதியிருக்கிறாள். அதில் பதினாறு பேய்ப்படம். ஒன்பதில் ஆட்கள் வாளை எடுத்துக்கொண்டு மழையில் நின்று வெட்டிக்கொள்கிறார்கள். மீதி ஆறில் கடலிலிருந்தோ எரிமலையிலிருந்தோ ஏதாவது ஒன்று எழுந்து வந்து ஊரை மிதிக்கிறது. ஜப்பானை அவள் பார்த்ததில்லை. சென்னையையே நாலு தடவைதான் பார்த்திருக்கிறாள். இதை நான் சொன்னால் ராஜபாளையத்தில் பாதிப் பேர் நம்புவதில்லை. நம்புகிற பாதிப் பேர், எந்த நடிகரை நேரில் பார்த்தாள் என்று கேட்கிறார்கள்.

நான் ராக்கப்பன். இங்கே ஒரு நூற்பாலையில் ஃபிட்டர். எழுதுவது என் தொழில் இல்லை. ஆனால் ஊர் உலகத்துக்கெல்லாம் வசனம் எழுதுகிறவளைத் தன்னைப் பற்றி நாலு வரி எழுதச் சொன்னால், வேறு வேலை இல்லையா என்று முறைக்கிறாள். ஆகவே தெரிந்ததை நானே எழுதிவிடுகிறேன். நடுவில் அவளைக் கொஞ்சம் கிண்டல் செய்வேன். இருபத்திரண்டு வருடமாக அந்த உரிமை எனக்கு உண்டு.

அவள் பிறந்தது மம்சாபுரத்தில். தபால் வழியில் பி.ஏ. தமிழ் படித்தாள். தமிழிலும் இங்கிலீஷிலும் டைப்ரைட்டிங் ஹையர் பாஸ் செய்தாள். ஸ்ரீவில்லிபுத்தூரில் கோர்ட்டுக்கு எதிரே இருந்த ஒரு டைப்பிங் கடையில் பதினோரு வருடம் வேலை பார்த்தாள். வக்கீல்கள் சொல்லச் சொல்ல, மேற்படி வாதி மேற்படி பிரதிவாதியை என்று ஆரம்பித்து ஒரு முற்றுப்புள்ளிகூட இல்லாமல் பக்கம் பக்கமாக அடிக்க வேண்டும். சாயங்காலம் பஸ்ஸை விட்டு இறங்கும்போது அவள் வாயிலும் அந்த மேற்படி ஒட்டிக்கொண்டு வரும். மேற்படி குழம்பைச் சுடவைக்கவா என்று கேட்பாள்.

அந்தக் கடைக்குத்தான் ஆல்வின் வந்தார். ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரர். சென்னையில் சின்னதாக ஒரு டப்பிங் ஸ்டுடியோ வைத்திருந்தார். அண்ணன் தம்பிக்குள் வீடு பாகம் பிரிக்கிற தகராறு. அண்ணன் தன்னை வீட்டை விட்டுப் போகச் சொன்னார் என்று மனு அடிக்கச் சொன்னார். பாண்டிசெல்வி விரலை நிறுத்திவிட்டுக் கேட்டாளாம்: "அவிய உங்கள 'வெளிய போ'ன்னாகளா, 'வெளிய போடா'ன்னாகளா? ரெண்டும் ஒண்ணில்ல சார்."

ஆல்வின் அசந்துபோனார். அவருடைய தொழிலே அதுதான். மனு அடித்து முடிந்ததும், படத்துக்கு வசனம் எழுதிப் பார்க்கிறீர்களா என்று கேட்டார். இவள் ஏதோ பெரிய படம் என்று நினைத்துக்கொண்டு வந்து என்னிடம் சொன்னாள். வந்தது ஜப்பான் படம். கடலிலிருந்து கோயில் கோபுர உயரத்துக்கு ஒரு நண்டு ஏறி வருகிறது. நண்டு ஒரு வார்த்தை பேசாது. அதைப் பார்த்து ஓடுகிறவர்கள்தான் பேசுகிறார்கள்.

முதல் தடவை எழுதி அனுப்பியதை ஆல்வின் அப்படியே திருப்பி அனுப்பிவிட்டார். எழுத்து நன்றாக இருக்கிறது, ஆனால் திரையில் வாய் மூடியிருக்கும்போது உங்கள் வசனம் பேசிக்கொண்டிருக்கிறது என்றார். அன்றைக்குத்தான் இவளுக்கு இந்த வேலை என்ன என்று புரிந்தது. திரையில் அந்த ஆள் 'ப'வோ 'ம'வோ சொல்லி உதடு ஒட்டுகிற இடத்தில் நம் தமிழிலும் உதடு ஒட்ட வேண்டும். அவன் வாயைத் திறந்து அலறுகிற இடத்தில் 'ஆ' வர வேண்டும். அவன் நிறுத்தினால் நாமும் நிறுத்த வேண்டும். அர்த்தமும் மாறக்கூடாது. அந்த நண்டுப் படத்தை ஏழு தடவை எழுதினாள். ஆறாவது தடவை, போதும் விடு, டைப்பிங் கடையே நல்லது என்று நான் சொன்னேன். ஏழாவது தடவையில் ஆல்வின் சரி என்றார். எதையும் பாதியில் விடுகிற ரத்தம் அவள் உடம்பில் ஓடவில்லை.

அதற்குப் பிறகு எங்கள் வீடு வீடாக இல்லை. சமையலறை மேடையில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு, திரையில் வாய் அசைய அசைய இவளும் சொல்லிப் பார்ப்பாள். உன் ரத்தத்தைக் குடிக்காமல் போக மாட்டேன் என்று ஒரு நாள் பத்துப் பதினைந்து தடவை சொல்லியிருக்கிறாள். எதிர்வீட்டுக்காரர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, வீட்டில் ஏதும் பிரச்சினையா தம்பி என்று விசாரித்தார். ரத்தத்தை என்ற சொல்லில் உதடு ஒட்டவில்லை சார், அதுதான் பிரச்சினை என்று நான் சொன்னதை அவர் எப்படி எடுத்துக்கொண்டார் என்று தெரியவில்லை. அதிலிருந்து என்னை ஒரு பரிதாபத்தோடுதான் பார்க்கிறார்.

ஸ்டுடியோவிலிருந்து வருகிற ஸ்கிரிப்ட் எப்போதும் இங்கிலீஷில்தான் இருக்கும். ஜப்பானில் பேசியதை இங்கிலீஷ்காரன் எழுதி, அதை இவள் தமிழாக்குகிறாள். ஆனால் நாலைந்து படம் போனதுமே இவளுக்கு இங்கிலீஷ் மேல் சந்தேகம் வந்துவிட்டது. ஜப்பான்காரன் நம்மைப் போலவே வினையைக் கடைசியில்தான் சொல்கிறான் என்று கண்டுபிடித்தாள். 'அந்த மலை மேல, ராத்திரி, ஒரு பொம்பள நிக்கிறா' என்பதை அதே வரிசையில்தான் அவனும் சொல்கிறான். நடுவில் நிற்கிற இங்கிலீஷ்தான் அதைப் புரட்டிப் போடுகிறது. பெண் பார்க்க நடுவில் போன தரகன் இரண்டு பக்கமும் மாற்றி மாற்றிச் சொல்லிவிட்டு வருகிற மாதிரி என்பாள். எனவே காதை ஜப்பானியத்தின் மேலேயே வைத்துக்கொண்டாள். புரியாவிட்டாலும் கேட்பது. வேலைக்காரன் முதலாளியிடம் பேசும்போது கடைசியில் 'மஸ்', 'தெஸ்' என்று முடிகிறது. கூட்டாளிகள் தங்களுக்குள் பேசும்போது அது இல்லை. மரியாதையாக ஒன்றைச் செய்யச் சொல்லும்போது பின்னால் ஒரு 'குதசாய்' ஒட்டிக்கொள்கிறது. அது நம் 'ங்க' மாதிரி என்று ஒரு நோட்டில் எழுதி வைத்தாள். அந்த நோட்டில் இப்போது அறுநூறு சொல்லுக்கு மேல் இருக்கிறது. எல்லாம் காதால் பொறுக்கியது.

இப்படியே எட்டு வருடம் ஓடியது. டைப்பிங் கடையை விட்டுவிட்டாள். எங்கள் மகள் நர்சிங் படிக்க விடுதிக்குப் போன பிறகு, காலை பத்து மணிக்கு உட்கார்ந்தால் மாலை ஐந்துவரை எழுந்திருக்க மாட்டாள். இத்தனை படத்திலும் அவள் பெயர் எங்கும் வந்ததில்லை. அதற்காக அவள் வருத்தப்பட்டும் நான் பார்த்ததில்லை. முப்பத்தொன்றாவது படத்தில்தான், இந்தத் தடவை உங்கள் பெயர் திரையில் வரும் என்று ஆல்வின் சொன்னார். ஒரு டிவி சேனல் அந்தப் படத்தை ஞாயிற்றுக்கிழமை மதியத்துக்கு வாங்கியிருந்தது. தமிழில் 'உப்புக்கரை' என்று பெயர் வைத்திருந்தார்கள்.

அந்தக் கதையைச் சொல்லியாக வேண்டும். கடற்கரையில் ஒரு சின்ன ஊர். கடல் தண்ணீரைக் காய்ச்சி உப்பு எடுக்கிற ஒருத்தி, மீன் பிடிக்கப் போகிற அவள் புருஷன். அரைமணி நேரம் அவர்கள் குடித்தனம் நடக்கிறது. சிரிப்பு, சின்னச் சண்டை, சோறு, உப்பு. ஒரு நாள் அவன் படகு திரும்பவில்லை. மூன்றாவது வருடம், மூடுபனிக்குள்ளிருந்து அவன் நடந்து வந்து வாசலில் நிற்கிறான். அவள் உள்ளே விட்டு, சோறு போட்டு, ஒரு குளிர்காலம் முழுக்க அவனோடு இருக்கிறாள். வந்தது புருஷன் இல்லை. அவன் உருவத்தில் வந்த கடல் பிசாசு. கடைசியில் அவளே அவனைக் கரைக்குக் கூட்டிப் போகிறாள். வந்த அன்றைக்கே எனக்குத் தெரியும் என்கிறாள். தெரிந்துமா சோறு போட்டாய் என்று அது கேட்கிறது. பசியோடு வந்தீர்களே என்கிறாள். அது கடலுக்குள் போய்விடுகிறது. அவள் தனியாக நின்று, கடலைப் பார்த்து ஒரே ஒரு வரி சொல்கிறாள். இனிமேல் வரமாட்டீங்க, இல்ல? அதோடு படம் முடிகிறது.

எழுதி அனுப்பினாள். சென்னையில் குரல் பதிவும் முடிந்தது. சேனலில் பார்த்துவிட்டு நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டார்கள். ஒப்படைக்க வேண்டிய நாள் வெள்ளிக்கிழமை. அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை மம்சாபுரத்தில் அவள் தங்கை வீட்டுக் காதுகுத்து. அங்கேதான் நான் வாயை விட்டேன்.

பந்தியில் யாரோ, உங்கள் வீட்டில் என்ன செய்கிறார்கள் என்று கேட்டார். நான் பெரிய ரசிகர் மன்றத் தலைவர் மாதிரி எழுந்து நின்று, ஜப்பான் பேய்க்கெல்லாம் மம்சாபுரத்துத் தமிழ் சொல்லிக்கொடுக்கிறாள், நம் ஊர்ப் பேய் அதைக் கேட்டுப் பயந்து ஓடிவிட்டது என்றேன். பந்தியே சிரித்தது. இரண்டாவது வரிசையில் உட்கார்ந்திருந்த பாண்டிசெல்வி இலையை மூடினாள். சாப்பாடு பாதிகூட முடியவில்லை. அதைப் பார்த்தும் நான் நிறுத்தவில்லை என்பதை இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

வீட்டுக்கு வந்தோம். எங்கள் வீட்டுப் பழக்கத்தை இங்கே சொல்ல வேண்டும். நாலு பேர் நடுவில் என்னை அவள் 'அவிய' என்பாள், நேரில் 'என்னங்க' என்பாள். கதவைச் சாத்திவிட்டால் 'நீ'தான். கல்யாணமான ஆறாம் மாதத்திலிருந்து அப்படி. சில நாள் அதற்கும் கீழே போகும், அதை எழுத முடியாது. எங்கள் பக்கத்தில் பல வீடுகளில் இதுதான் வழக்கம். யாரும் வெளியே சொல்லிக்கொள்வதில்லை.

அன்றைக்கு மாலை அவள் தோசை வார்த்துவிட்டு, கதவு சாத்தியிருந்த வீட்டுக்குள், சமையலறையிலிருந்து சொன்னாள். "சாப்பிட வாங்க."

திட்டியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். இன்னொரு தோசை வைக்கட்டுமாங்க என்றாள். சட்னி போதுமாங்க என்றாள். மூன்றாவது 'ங்க' வந்ததும் என்னால் தாங்க முடியவில்லை.

"ஏட்டி, தப்புதான், விட்ரு. நீ இப்பிடி மரியாதை குடுத்தா யாரோ வேத்தாள் வீட்டுல சாப்பிடுத மாதிரி இருக்கு" என்றேன்.

கரண்டியோடு அப்படியே நின்றாள். கல்லில் தோசை கருகியது. என்னைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள், ஆனால் என்னைப் பார்க்கவில்லை. பிறகு அடுப்பை அணைத்துவிட்டு லேப்டாப்பைத் திறந்தாள். 'உப்புக்கரை'யின் முதல் அரைமணி நேரத்தையும், புருஷன் திரும்பி வருகிற இடத்தையும் ஓட்டினாள். புருஷன் கடலுக்குப் போகிறதற்கு முன்னால், அந்தப் பெண் சோற்றை வைத்துவிட்டு, 'தபெத்தே' என்கிறாள். அவன் திரும்பி வந்த பிறகு, அதே இடத்தில் அதே சோற்றை வைத்துவிட்டு, 'தபெத்தே குதசாய்' என்கிறாள். இரண்டு இடத்திலும் இங்கிலீஷில் ஒரே சொல், சாப்பிடு என்று. இரண்டு இடத்திலும் இவள் எழுதியது 'சாப்பிடுங்க'.

விஷயம் இதுதான். அந்தப் பெண் தன் புருஷனை 'நீ' என்றுதான் பேசுவாள். மூன்று வருடம் கழித்து வாசலில் வந்து நின்றவனைப் பார்த்த நிமிஷமே இவன் அவன் இல்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. அழவில்லை, கத்தவில்லை. 'ங்க' போட ஆரம்பித்துவிட்டாள். வேற்றாளுக்குக் கொடுக்கிற மரியாதை. படத்தை எழுதின ஜப்பான்காரர் எல்லாவற்றையும் அந்த ஒரு 'குதசாய்'க்குள் வைத்திருக்கிறார். இங்கிலீஷில் அது விழுந்துவிட்டது. அதைப் பொறுக்கியிருக்க வேண்டியவள் இவள். ஆனால் தமிழ்ப் படத்தில் மனைவி புருஷனை 'நீங்க' என்றுதான் சொல்வாள் என்று, யோசிக்காமலே முதல் காட்சியிலிருந்து கை தானாக எழுதிவிட்டது.

"இருவத்திரெண்டு வருசமா உன்ன நீன்னு சொல்லிக்கிட்டு, அவள மட்டும் நீங்கன்னு சொல்ல வச்சிட்டேனே" என்றாள். அழுதாள். அவள் அழுது நான் அதிகம் பார்த்ததில்லை. அவளுக்கு 'நீ' திரும்பி வந்ததில் எனக்கு உள்ளுக்குள் சந்தோஷம், அதைக் காட்டுகிற நேரம் இல்லை.

மறுநாள் காலை ஆல்வினுக்குப் போன் செய்தாள். அவர் பொறுமையாகக் கேட்டார். நீங்கள் சொல்வது சரி, ஆனால் யாரும் கவனிக்க மாட்டார்கள், வெள்ளிக்கிழமை ஒப்படைக்கணும், சேனலில் ஒப்புக்கொண்டதை மாற்றினால் அவர்களிடம் மறுபடி கேட்க வேண்டும் என்றார். கேளுங்கள் என்றாள். கேட்டுவிட்டு மாலையில் கூப்பிட்டார். சேனலில் அந்த நேரத்துப் படங்களைப் பார்த்துக்கொள்கிற ஸ்ரீவத்ஸ் என்பவர் முடியவே முடியாது என்று சொல்லிவிட்டாராம். குடும்பமாக உட்கார்ந்து பார்க்கிற படத்தில் நல்ல மனைவி புருஷனை நீ என்று பேசினால், திமிர் பிடித்தவள் என்றுதான் ஜனங்கள் நினைப்பார்கள் என்றாராம்.

போனை வைத்துவிட்டு என்னிடம் சொன்னாள். "நேர்ல போறேன். நீயும் வா."

மில்லில் இரண்டு நாள் லீவு சொன்னேன். காதுகுத்தில் பேசின வாய்க்கு அதுதான் பரிகாரம். செவ்வாய்க்கிழமை மாலை ரயிலில் உட்கார்ந்ததும் நோட்டை எடுத்துவிட்டாள். முதல் அரைமணி நேரத்தில் அந்த மனைவிக்குப் பத்தொன்பது வரி. 'ங்க'வை எடுத்தால் வரி குட்டையாகிவிடும், திரையில் வாய் சும்மா அசையும் என்று நான் கேள்விஞானத்தில் சொன்னேன். அவள் ஒவ்வொன்றாகச் சொல்லிப் பார்த்தாள். குட்டையாகவில்லை. இப்போதுதான் பொருந்தியது. 'தபெத்தே' மூன்று அசை, நடுவில் உதடு ஒட்டுகிறது. 'சாப்பிடு'வும் மூன்று அசை, நடுவில் உதடு ஒட்டுகிறது. இத்தனை நாள் அதற்குள் ஒரு 'ங்க'வைத் திணித்து வைத்திருந்தாள். திரும்பி வந்தவனுக்கு மட்டும் அதைச் 'சாப்பிட வாங்க' என்று நீட்டினாள். விருதுநகர் வருவதற்குள் பதினைந்து வரி முடிந்தது. எதிர் சீட்டில் இருந்த அம்மாள் எங்களை ஏதோ நாடகக் கோஷ்டி என்று நினைத்துக்கொண்டு எந்த ஊரில் நாடகம் என்று கேட்டார்.

ஸ்டுடியோவில் ஆல்வின் இருந்தார். இவள் பிடிவாதத்தைத் தெரிந்து ஸ்ரீவத்ஸையும் வரச் சொல்லியிருந்தார். முப்பத்தைந்து வயது இருக்கும், மரியாதையான மனிதர். அந்த மனைவிக்குக் குரல் கொடுத்த ப்ரியம்வதாவும் வந்திருந்தார். மாற்றுவதற்கு அல்ல, வேறொரு படத்தின் வேலைக்கு.

பாண்டிசெல்வி விளக்கினாள். ஸ்ரீவத்ஸ் முழுவதையும் கேட்டுவிட்டு, ஜப்பானில் அப்படி இருக்கலாம், நாம் தமிழ் வீடுகளுக்குக் காட்டுகிறோம், தமிழ் வீட்டில் எந்தப் பெண் அப்படிப் பேசுகிறாள் என்றார். கொஞ்சம் சிரித்துக்கொண்டே, நீங்கள் உங்கள் சாரை வீட்டில் நீ என்றா கூப்பிடுகிறீர்கள் என்று கேட்டார்.

அறையில் ஆறேழு பேர் இருந்தார்கள். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். பாண்டிசெல்வியும் என்னைத் திரும்பிப் பார்த்தாள். அம்மா அப்பா முன்னால், மாமன் மச்சான் முன்னால், என் மில் ஆட்கள் முன்னால், இத்தனை வருடத்தில் ஒரு தடவைகூட வாய் தவறாதவள்.

"நீயே சொல்லு" என்றாள்.

எனக்கு அந்நியர் நடுவில் வேட்டி அவிழ்ந்த மாதிரி ஒரு கூச்சம். கூடவே, சொல்வதற்கு என்ன, ஒரு பெருமையும் வந்தது. இந்தச் சொல் எனக்கு மட்டும் உரியது, அதை ஒரு ஜப்பான்காரிக்காக எடுத்து வெளியே வைக்கிறாள்.

"ஆமா சார். எம்மேல கோவம்னாதான் இவ 'ங்க' போடுவா" என்றேன்.

ப்ரியம்வதா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். பிறகு அவரே சொன்னார், பதிவு செய்யும்போது முதல் பாதியில் எல்லா வரியையும் அவசரமாக விழுங்க வேண்டியிருந்தது, இரண்டாம் பாதியில் அதே வரிகள் போதாமல் இழுக்க வேண்டியிருந்தது, ஏன் என்று அப்போது விளங்கவில்லை என்று. ஆல்வின் தலையாட்டினார். ஸ்ரீவத்ஸ் மட்டும் அசையவில்லை. நல்ல பெண் என்ற எண்ணமே போய்விடும் என்றார் மறுபடியும்.

பாண்டிசெல்வி கடைசிக் காட்சியைப் போடச் சொன்னாள். பதிவு செய்து முடித்த தமிழில். பிசாசு கடலுக்குள் இறங்கி மறைகிறது. அந்தப் பெண் தனியாக நிற்கிறாள். 'இனிமே வரமாட்டீங்க, இல்ல?' திரை இருண்டது.

"இப்ப இவ யார்ட்ட பேசுதா சார்?" என்று கேட்டாள்.

ஸ்ரீவத்ஸ் தயங்காமல், இப்போது உள்ளே போனானே, அவனிடம்தான் என்றார்.

"இல்ல சார். ஜப்பான்ல இந்த வரில 'மஸ்' கெடையாது. செத்துப்போன புருசன்ட்ட. மூணு வருசமா கேக்காம வச்சிருந்தத இப்பதான் கேக்கா. நாந்தான் அவள பிசாசுக்காக ஏங்க வச்சிட்டேன். இத இப்பிடியே விட்டா என் பேர எடுத்துருங்க. அந்தப் பொம்பளைக்கு இந்தப் பழிய நான் போட மாட்டேன்."

ஸ்ரீவத்ஸ் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். இன்னொரு தடவை போடச் சொன்னார். போட்டார்கள். அதற்கப்புறம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார், அந்த வரியை எப்படி மாற்றுவீர்கள் என்று. இவள் நோட்டைப் பார்க்காமலே சொன்னாள். ப்ரியம்வதா அதை உதட்டுக்குள் சொல்லிப் பார்த்துவிட்டு, அனுமதி ஒன்றும் கேட்காமல் பதிவு அறைக்குள் போய் ஹெட்போனை மாட்டிக்கொண்டார்.

ஸ்ரீவத்ஸ் ஒரு நிபந்தனை மட்டும் வைத்தார். 'நீ' சரி, 'வாடா போடா' கூடாது. பத்தொன்பதில் ஒன்றில் அது இருந்தது. இவள் அதை மனசில்லாமல் அடித்தாள். வெளியே வந்ததும் அந்த ஒரு 'டா'வுக்காகப் பஸ் ஸ்டாண்டுவரை முணுமுணுத்துக்கொண்டே வந்தாள்.

படம் ஒரு மாதம் கழித்து ஞாயிற்றுக்கிழமை மதியம் இரண்டு மணிக்கு ஒளிபரப்பானது. காதுகுத்தில் சிரித்தவர்களுக்கெல்லாம் நானே போன் போட்டுச் சொல்லியிருந்தேன். வீட்டுக்குத் தெருவிலிருந்து பெண்கள் ஏழெட்டுப் பேர் வந்தார்கள். பேய்ப்படம் என்பதால் குழந்தைகளை வீட்டில் விட்டுவிட்டு வந்தார்கள். அவர்களில் ஒருத்தர் சீனியம்மாள். பேண்டேஜ் துணி நெய்கிற கம்பெனியில் வேலை பார்க்கிறவர். அவர் வீட்டுக்காரர் லாரி டிரைவர், நாலு வருடத்துக்கு முன்னால் நெஞ்சுவலியில் போய்விட்டார். எங்கள் வீட்டில் உட்கார்ந்து அவர் டிவி பார்ப்பது அதுதான் முதல் தடவை.

ஆரம்பத்தில் ஒருத்தி, என்னக்கா இவ புருசன நீ வா போன்னு சொல்லுதா என்றாள். பாண்டிசெல்வி கதவோரம் நின்றிருந்தாள். பத்து நிமிடத்தில் அந்தப் பேச்சு நின்றது. திரையில் அவனும் அவளும் உப்புச் சட்டியைத் தூக்கிக்கொண்டு சண்டை போட்டபோது எல்லோரும் சிரித்தார்கள். படகு திரும்பாத இடத்தில் டிவிக்குப் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தார்கள். மூடுபனிக்குள்ளிருந்து அவன் வந்து வாசலில் நின்றான். அந்தப் பெண் அவனையே பார்த்தாள். நகர்ந்து வழி விட்டாள். சோற்றை வைத்தாள். 'சாப்பிட வாங்க' என்றாள்.

"ஏட்டி, அது அவன் இல்லட்டி" என்றார் சீனியம்மாள்.

பக்கத்தில் இருந்தவள், பேசாம பாருங்கக்கா, அவனேதான் என்றாள். முகம் அதே முகம்தானே என்றாள் இன்னொருத்தி. பாண்டிசெல்வி என் தோளைப் பிடித்தாள், விரல் பதிகிற அளவுக்கு. அதிலிருந்து படம் முடிகிறவரை அவள் திரையைப் பார்க்கவில்லை, சீனியம்மாள் முகத்தைத்தான் பார்த்தாள்.

கடைசியில் பிசாசு கடலுக்குள் போனது. அந்தப் பெண் கடலைப் பார்த்துத் தனியாக நின்றாள். 'நீ இனிமே வரமாட்ட, இல்ல?' என்றாள். பெயர்கள் ஓட ஆரம்பித்த உடனேயே சேனல்காரர்கள் சோப்பு விளம்பரத்தைப் போட்டுவிட்டார்கள். பாண்டிசெல்வியின் பெயர் வந்ததா இல்லையா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அவளும் கேட்கவில்லை.

பெண்கள் ஒவ்வொருத்தராக எழுந்து போனார்கள். சீனியம்மாள் எழுந்திருக்கவில்லை. டிவியை அணைத்துவிட்டுப் பாண்டிசெல்வி அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். பிறகு சீனியம்மாள் சேலை முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு சொன்னார்.

"நானும் அவன நீன்னுதான் சொல்லுவேன். செத்த பொறவு, எல்லாரும் சொல்லுதாகளேன்னு நானும் அவிய அவியன்னு சொல்லிப் பழகிட்டேன். நாலு வருசமா வேற யாரோ ஒரு ஆளுக்குத்தான் அழுதிருக்கேன் போல."